அருவியில் குதித்தது யார்?

சீசன் நாட்களில் காலையில் யாராவது வந்து கதவைத் தட்டினால் நம்பிராஜனுக்குத் திறக்கவே மனம் வராது. தென்காசியில் வீடு வைத்திருப்பவனுக்கு ஆனி, ஆடி மாதங்களில் எங்கிருந்தெல்லாமோ சொந்தக்காரர்கள் முளைப்பார்கள். குற்றாலத்தில் குளித்துவிட்டு, உடம்பில் எண்ணெயும் கையில் பலாச்சுளையுமாக வந்து நடுக்கூடத்தில் உட்காருவார்கள். அவர்கள் போன பிறகு தரையைச் சீயக்காய் போட்டுத் தேய்க்க வேண்டும்.

நம்பிராஜனுக்கு மூக்கு கொஞ்சம் கூடுதல். ரயில்வே போலீசில் இன்ஸ்பெக்டராக இருந்தபோது அந்த மூக்கு அவருக்கு நல்ல பெயர் வாங்கிக்கொடுத்தது. பிறகு ஒரு பெரிய அதிகாரியின் மைத்துனனையே திருட்டுக் கேசில் பிடித்துக்கொடுத்தது. அத்தோடு உத்தியோகம் போயிற்று. இப்போது ஊரார் கொண்டுவருகிற களவையும் வஞ்சகத்தையும் விசாரித்துக்கொடுப்பதுதான் அவர் பிழைப்பு. மனிதர்கள் செய்கிற காரியங்களைப் பார்த்துப் பார்த்து அவருக்குக் கோபம் வருவது நின்றுபோய்விட்டது. அருவருப்பு மட்டும் மிச்சமிருந்தது.

1959ஆம் வருடம், ஆனி மாதம், ஒரு ஞாயிற்றுக்கிழமைக் காலையில் கதவு தட்டப்பட்டது. முகத்தைச் சுளித்துக்கொண்டே திறந்தார். சொந்தக்காரர் யாரும் இல்லை. நாற்பதைத் தாண்டிய ஒரு பெண்மணி நின்றிருந்தார். நூல் சேலை, வெறுங்கழுத்து, நிமிர்ந்த தலை. ஜட்காவிலிருந்து வாசல்வரை இடது காலை இழுத்து இழுத்து நடந்து வந்திருந்தார்.

உள்ளே காபி குடித்துக்கொண்டிருந்த சைக்கிள் கடை சேக் தாவூது எட்டிப் பார்த்தார். பார்த்த வேகத்தில் எழுந்ததில் தம்ளர் கவிழ்ந்தது.

"அண்ணாச்சி! இவுக யாருன்னு தெரியலையா? லோகேஸ்வரி அம்மா! 'அருவிக்கோட்டை ராணி' லோகேஸ்வரி!"

"எனக்குச் சினிமா தெரியாதுவே. நீங்க உள்ள வாங்கம்மா" என்றார் நம்பிராஜன்.

தாவூதுக்குப் பொறுக்கவில்லை. நம்பிராஜனின் விசாரணைகளில் கூடவே அலைவது அவருக்குப் பொழுதுபோக்கு. சினிமா அவருக்கு உயிர். "கொழும்புல கடையில நிக்கையில பாத்தேன் அண்ணாச்சி, உலகச் சண்டை நடந்த சமயம். அதுவரைக்கும் கதாநாயகின்னா தூண்ல சாஞ்சுக்கிட்டு அழுவா. புருசன் அடிச்சா அவன் காலையே தொட்டுக் கண்ணுல ஒத்திக்குவா. இவுகதான் குதிரை மேல ஏறி வாளை உருவுனாவ. கெட்ட மந்திரியைச் சாட்டையால அடிச்சு அரண்மனைப் படியில உருட்டுனாவ. கடைசியில எதிரி துரத்துகையில பாறையில இருந்து கசத்துக்குள்ள ஒரு பாய்ச்சல். கொட்டகையில ஒருத்தன் மூச்சு விடலை. நான் எத்தனை தடவை பாத்தேன்னு எனக்கே தெரியாது."

லோகேஸ்வரி நாற்காலியில் உட்கார்ந்து காலை நீட்டிக்கொண்டார். "அந்தப் பாய்ச்சலைத்தான் அண்ணாச்சி காணோம்" என்றார். "யாரோ வெட்டி எடுத்துட்டாவ."

அவர் சொன்னது இதுதான். பிறந்தது தென்காசி, பெற்றவர்கள் வைத்த பெயர் உலகம்மாள். சென்னைக்குப் போய் லோகேஸ்வரி ஆனார். அந்தப் படத்தில் செண்பகாதேவி அருவிப் பக்கமிருக்கிற ஆழமான நீர்க்கசத்தில், டூப் போடாமல் அவரே குதித்தார். தண்ணீருக்குள் கிடந்த பாறையில் இடுப்பு மோதியது. அதற்குப் பிறகு குதிரை ஏற முடியவில்லை, நடனம் ஆட முடியவில்லை, படங்களும் வரவில்லை. தென்காசிக்குப் படம் வருமுன்னே கம்பெனி நொடித்துப்போய் பிரதிகள் எல்லாம் ஜப்தியில் சிக்கின. சென்னைக் கிடங்கில் கிடந்தவை தீயில் போயின. பதினாறு வருடம் கழித்து, கொல்லத்தில் எங்கோ கிடந்த ஒரே ஒரு பிரதியைக் குற்றாலம் டூரிங் கொட்டகைக்காரர் அய்யாத்துரை தேடிப் பிடித்துச் சீசனுக்குக் கொண்டுவந்திருந்தார்.

"நேத்து முதல் ஆட்டம். இப்ப நான் இருக்க இலஞ்சியில இருந்து போய்ப் பொம்பளையாள் பக்கம் உக்காந்தேன். வாளோட பாறை மேல ஏறுதேன். அடுத்தாப்புல சொட்டச் சொட்ட அரண்மனை வாசல்ல நிக்கேன். நடுவுல ஒண்ணுமே இல்ல. சனம் விசில் அடிச்சுச் சிரிக்கு."

"யாரு மேல சந்தேகம்?"

"அய்யாத்துரை, ஆபரேட்டர் மசூது மேல பழியைப் போட்டிருக்காரு. இன்னைக்குச் சாயந்திரம் விழா முடிஞ்சதும் போலீசுல புடிச்சுக் குடுக்கப் போறாராம். அந்தப் பையன் செஞ்சிருக்க மாட்டான்."

"என்ன விழா?"

லோகேஸ்வரி சிரித்தார். கேட்கச் சகிக்காத சிரிப்பு அது. "குதிச்சது நான் இல்லையாம் அண்ணாச்சி. எனக்குப் பதிலா சேலை கட்டிக்கிட்டு சிலம்பு வாத்தியார் குற்றாலிங்கம் அண்ணாவி குதிச்சாராம். பதினாறு வருசமா ஊர் முழுக்க அதுதான் பேச்சு. அந்த மனுசனை நான் கண்ணால கூடப் பாத்ததில்ல. இன்னைக்குச் சீசன் கமிட்டி அவருக்குப் பொன்னாடை போத்துது. எனக்கு ஒரு வார்த்தை கூடச் சொல்லலை."

"அப்போ உங்க கால்?"

"நான் குடிச்சுட்டு ஒரு ஜமீந்தார் வீட்டு மாடியில இருந்து விழுந்தேனாம். இங்கன கடைத்தெருவுல காய் வாங்கப் போனாலும் என் காலைப் பாத்துட்டுச் சிரிக்கானுவ. பாறை தோசைக்கல்லாக் கொதிச்சுது, உள்ளங்கால் பொத்துப்போச்சு, அதோட ஓடிக் குதிச்சேன். அதைக் காட்டுததுக்கு உலகத்துல இந்த ஒரு பிரதிதான் உண்டு. அது போச்சுன்னா ஜமீந்தார் மாடிதான் நிலைக்கும்."

நம்பிராஜன் சட்டையை மாட்டிக்கொண்டார்.

குற்றாலம் சீசனைப் பற்றிப் பாட்டுப் பாடியவர்கள் யாரும் ஞாயிற்றுக்கிழமை அங்கே நடந்து பார்த்திருக்க மாட்டார்கள். பாதையெல்லாம் சேறு. சேற்றின் மேல் எண்ணெய். எண்ணெயின் மேல் பலாச்சக்கையும் எச்சில் இலையும், அவற்றைக் கிளறும் குரங்குகளும். சாரல் மட்டும் மேலிருந்து நிதானமாக விழுந்துகொண்டிருந்தது. நம்பிராஜன் வேட்டியைத் தூக்கிப் பிடித்து, மூச்சை அடக்கிக்கொண்டு, மற்ற இருவரோடும் ஐந்தருவிச் சாலையோரமிருந்த கொட்டகைக்குப் போய்ச் சேர்ந்தார்.

வாசலில் அட்டைப் படங்கள் குத்தியிருந்தார்கள். தாவூது ஒவ்வொன்றாகக் காட்டி உருகினார். ஒன்றில் லோகேஸ்வரி பாறை உச்சியில் வாளோடு நின்றார். கண்ணைச் சுருக்கிப் பார்த்துக்கொண்டிருந்தார். அவர் நிழல் பாறையின் மேல் கன்னங்கரேலென்று விழுந்திருந்தது. பின்னால் அருவி ஒரு நூல்போல இறங்கியது. நம்பிராஜன் அந்தப் படத்தின் முன்னால் வெகுநேரம் நின்றார்.

"அழகா இருக்காவல்லா?" என்றார் தாவூது.

"ம்" என்றார் நம்பிராஜன்.

அய்யாத்துரை வெற்றிலைச் சாற்றைக் கொட்டகை மணலிலேயே துப்பிவிட்டு வரவேற்றார். லோகேஸ்வரியைப் பார்த்ததும் எதற்கோ தலையைச் சொறிந்தார். மசூது கேபினில் இருந்தான், அழுது முகம் வீங்கியிருந்தது.

"பெட்டி வந்த அன்னைக்கே ரீல் முழுக்கக் கையால சுத்திப் பாத்தேன் சார்" என்றான். "அம்மா குதிக்குத இடம் அப்படியே இருந்துது. மேல நிக்கதுல இருந்து தண்ணியை விட்டு எந்திரிச்சு வருத வரைக்கும் ஒரே ஷாட்டு. நடுவுல வெட்டும் கிடையாது, ஒட்டும் கிடையாது. முகம் நல்லாத் தெரியுது. நேத்து ஓட்டுகையில அந்த இடத்துல மிஷின் சிக்கிச்சு. என்னன்னு பாத்தா, ரெண்டு நுனியையும் துணிப் பிளாஸ்திரி வச்சு ஒட்டியிருக்கு. நான் அதை உரிச்சு எறிஞ்சுட்டு, முறைப்படி ஒட்டி ஓட்டுனேன்."

"போலீசை ஏமாத்த நீயே பிளாஸ்திரி போட்டிருப்பலே" என்றார் அய்யாத்துரை.

"நுனியைக் காட்டு" என்றார் நம்பிராஜன்.

மசூது பிலிமை இரண்டு விரலால் ஓரத்தில் பிடித்து விளக்குக்கு நேரே நீட்டினான். ஒட்டுக்கு இரு பக்கமும் படத்தின் மேலேயே பெருவிரல் ரேகைகள் எண்ணெய்ப் பிசுக்கோடு பதிந்திருந்தன.

"அந்த உரிச்ச பிளாஸ்திரி எங்கே?"

மூலையில் ஒரு குப்பைத் தகரம் இருந்தது. பீடித்துண்டு, வாழைப்பழத்தோல், சட்னி காய்ந்த இலை, அய்யாத்துரையின் எச்சில். நம்பிராஜன் கைக்குட்டையைக் கையில் சுற்றிக்கொண்டு, முகத்தை வேறு பக்கம் திருப்பிக்கொண்டு, தேடினார். தாவூது ஆர்வமாகத் தகரத்தைச் சாய்த்துப் பிடித்தார். கடைசியில் ஒரு கசங்கிய பிளாஸ்திரி கிடைத்தது. அதை மூக்கருகே கொண்டுபோனபோது நம்பிராஜனுக்குக் குமட்டியது. ஆனாலும் நன்றாக இழுத்து முகர்ந்தார்.

"காயத்திருமேனி எண்ணெய்" என்றார். "அடிபட்ட இடத்துக்குத் தேய்க்கிறது. மசூது, படம் போடுவதற்கு முன்னால் இந்தக் கேபினுக்குள் யார் வந்தது?"

"முந்தாநாள் மத்தியானம் கமிட்டித் தலைவர் ரத்தினம் முதலாளியும் குற்றாலிங்கம் அண்ணாவியும் வந்தாவ. சாட்டையடி சீன் மோசமா இருக்காம், பாத்துத்தான் அனுமதிக்கணும்னு முதலாளி சொன்னாரு. போட்டுக் காட்டுனேன். மூணு தடவை போடச் சொன்னாரு. அப்புறம் நான் சோறு திங்கப் போயிட்டேன். வருகையில ரெண்டு பேரையும் காணோம்."

"சாட்டையடி நேற்றுப் படத்தில் இருந்ததா?"

"முழுசா இருந்துது" என்றார் லோகேஸ்வரி.

ரத்தினம் முதலாளி தென்காசியில் ஜவுளிக்கடை வைத்திருப்பவர். சீசனுக்கு ஒரு பங்களா எடுத்திருந்தார். நம்பிராஜனும் தாவூதும் போனபோது அவர் கோவணத்தோடு ஒரு பலகையில் குப்புறப் படுத்திருந்தார். முதுகின் மேல் முழங்கையை ஊன்றிக் குற்றாலிங்கம் அண்ணாவி எண்ணெய் தேய்த்துக்கொண்டிருந்தார். முறுக்கிய மீசை, கல் மாதிரித் தோள். இரண்டு பேர் மேலிருந்தும் ஒரே வாடை வந்தது. பிளாஸ்திரியில் இருந்த அதே வாடை. தாவூது நம்பிராஜனை ஓரக்கண்ணால் பார்த்தார்.

"அந்தம்மாவுக்காகவா வந்திருக்கிய?" என்றார் ரத்தினம், பலகையிலிருந்து தலையை மட்டும் தூக்கி. "உமக்கு ஏன் இந்த அசிங்கம்? ஒரு பொம்பளை ஆம்பளையைச் சாட்டையால அடிக்கா. நம்ம வீட்டுப் பொண்ணுவ இதைப் பாத்தா நாளைக்குக் குடும்பம் உருப்படுமா? வெட்டுன்னு சொன்னேன். அந்தப் பய வெட்டலை. நானும் சரியாப் பாத்துட்டுத்தான் சொல்லுதேன்."

"மூன்று தடவை" என்றார் நம்பிராஜன்.

"ஆமா, தப்பாச் சொல்லிரக் கூடாதுல்லா? ஜமீந்தார் மாடியில இருந்து விழுந்த கழுதைக்கு வக்காலத்து வாங்க உம்மைத் தவிர ஆள் கிடைக்கலையா?"

நம்பிராஜன் அண்ணாவியிடம் திரும்பினார். "உங்க பாய்ச்சலைக் கேள்விப்பட்டிருக்கேன். நேரா உங்க வாயால கேட்கணும்."

அண்ணாவி இதற்காகவே பிறந்தவர்போலக் கையைத் துடைத்துக்கொண்டு ஆரம்பித்தார். "இதே ஆனி மாசந்தான். சாரல் சாட்டையா அடிக்கு. அருவி பொங்கிக்கிட்டு விழுது. பக்கத்துல நிக்கவன் பேசுதது கேக்காது. அந்தம்மா பாறை மேல வாளைப் புடிச்சுக்கிட்டு நின்னாவ. குனிஞ்சு பாத்தாவ, அழுதுட்டாவ. டைரக்டர் என் கையைப் புடிச்சுக்கிட்டாரு. காமிராவ நிப்பாட்டுனாவ. அந்தம்மா கட்டியிருந்த சேலை மாதிரியே ஒண்ணை நான் சுத்துனேன். அதே இடத்துல நின்னு, அதே நிமிசம், குற்றாலநாதா-ன்னு ஒரே பாய்ச்சல்."

"அந்தம்மா நின்னதுக்கும் நீங்க குதிச்சதுக்கும் நடுவில் நேரமே இல்லையா?"

"சேலை சுத்துத நேரந்தான். நனைஞ்ச பாறை, வழுக்குது. நானா இருக்கவே குதிச்சேன்."

"படத்திலே அந்த இடத்தையே காணோமாமே?"

"போனாப் போவுது" என்றார் அண்ணாவி பெரிய மனதோடு. "ஊருக்குத் தெரியாதா என்ன?"

நம்பிராஜன் எழுந்தார். போகிற போக்கில் சொல்வதுபோலச் சொன்னார்: "எடுத்தவன் பாவம், தெரியாமல் வைத்திருக்கிறான். அந்தக் காலத்துப் பிலிம் வெடிமருந்து மாதிரி. அடுப்புச் சூடு கொஞ்சம் எட்டினால் தானாகவே பற்றிக்கொள்ளும். தண்ணீர் ஊற்றினாலும் அணையாது. வைத்திருப்பவன் வீடு இன்று பொழுது சாய்வதற்குள் சாம்பல்தான். சரி, மூன்று மணிக்கு இரண்டு பேரும் கொட்டகைக்கு வந்துவிடுங்கள். விழாவுக்கு முன்னால் இந்தப் பேச்சை முடித்துவிடலாம்."

வெளியே வந்ததும் தாவூதின் காதில் ஏதோ சொன்னார். தாவூதின் கண் விரிந்தது. அவர் சேற்றையும் பார்க்காமல் ஓடினார். நம்பிராஜன் ஓர் ஓடையைத் தேடிப் போய்க் கைகளை முழங்கைவரை கழுவினார். வாடை போகவில்லை.

மூன்று மணிக்குக் கொட்டகையின் படுதாக்களை இறக்கிவிட்டிருந்தார்கள். ரத்தினமும் கமிட்டிக்காரர்கள் சிலரும் நாற்காலிகளில் உட்கார்ந்திருந்தார்கள். குற்றாலிங்கம் அண்ணாவி பட்டுச்சட்டையோடு வேர்க்க விறுவிறுக்கக் கொஞ்சம் பிந்தி வந்தார். லோகேஸ்வரி பெண்கள் பக்கத்துப் பெஞ்சில் தனியே இருந்தார். அவருக்கு யாரும் நாற்காலி போடவில்லை. தாவூதை மட்டும் காணவில்லை.

நம்பிராஜன் திரைக்கு முன்னால் நின்றார்.

"மசூது இதைச் செய்யவில்லை" என்றார். "ஆபரேட்டர் பிலிமின் முகத்தைத் தொடமாட்டான், ஓரத்தைத்தான் பிடிப்பான். வெட்டியவன் படத்தின் மேலேயே பெருவிரலை அழுத்தியிருக்கிறான், எண்ணெய்க் கையோடு. ஒட்டுவதற்கு அவனுக்குத் தெரிந்தது சுளுக்குக்குப் போடுகிற பிளாஸ்திரிதான். அந்தப் பிளாஸ்திரியில் காயத்திருமேனி எண்ணெய் வாடை. கேபினுக்குள் போனவர்களில் அந்த வாடை இரண்டு பேரிடம் இருக்கிறது. தேய்த்துவிடுகிறவர், தேய்த்துக்கொள்கிறவர்."

"என்னவே சொல்லுதீரு?" என்று எழுந்தார் ரத்தினம். "நான் களவாணியா?"

"உட்காருங்கள். நீங்கள் வெட்டியிருந்தால் சாட்டையடியை வெட்டியிருப்பீர்கள். அது அப்படியே இருக்கிறது. வெட்டிவிட்டால் நாலாவது தடவை பார்க்க முடியாதே."

பின்வரிசையில் யாரோ சிரித்தார்கள். ரத்தினம் உட்கார்ந்தார்.

"யோசித்துப் பாருங்கள். அந்தப் பாய்ச்சலில் ஆபாசம் இல்லை, விற்றுக் காசாக்க வழியும் இல்லை. அதை ஊர் பார்க்கக் கூடாது என்று எவன் நினைப்பான்? பார்த்தால் எவன் குட்டு உடையுமோ அவன். இன்று பொன்னாடை வாங்கப் போகிற மனிதர், தான் செய்த வீரம் மட்டும் படத்திலிருந்து காணாமல் போனது தெரிந்ததும் பதறியிருக்க வேண்டாமா? போனாப் போவுது என்கிறார்."

"ஏ, என்ன பேச்சு இது? எனக்குப் பெரிய மனசு, சொன்னேன்!" என்றார் அண்ணாவி.

"சாரல் அடித்தது, அருவி பொங்கியது, பாறை நனைந்திருந்தது என்று சொன்னீரா இல்லையா?"

"ஆமா. குதிச்சவனுக்குத் தெரியாதா?"

நம்பிராஜன் வாசலிலிருந்து எடுத்துவந்த அட்டைப் படத்தைத் தூக்கிக் காட்டினார். "இந்த அம்மா பாறை மேல் நின்ற அதே நிமிடம்தான் நீர் குதித்தீராம். இந்த நிழலைப் பாரும். உச்சி வெயில். அருவி நூலாக இருக்கிறது. பாறை காய்ந்து கிடக்கிறது. அந்தக் காலத்துக் காமிராவுக்கு வெயில் வேண்டும். சாரலில் மலை இருட்டிக் கிடக்கும்போது எந்த முட்டாளும் காமிராவைத் தூக்கிக்கொண்டு செண்பகாதேவிக்கு ஏறமாட்டான். சீசன் இல்லாத மாதமாகப் பார்த்து வந்திருக்கிறார்கள். அம்மா, பாறை எப்படி இருந்தது?"

"கொதிச்சுது" என்றார் லோகேஸ்வரி. "மாசிக் கடைசி."

"குற்றாலத்தில் பிறந்தவனுக்கு அருவி என்றாலே சாரல்தான். அதனால் பொய் சொல்லும்போதும் கூடவே சாரலைச் சேர்த்துச் சொன்னார். கேட்டவர்களும் குற்றாலத்துக்காரர்கள், ஒருவருக்கும் சந்தேகம் வரவில்லை."

"பதினாறு வருசத்துல மாசம் மறந்திருக்கும்" என்றார் அண்ணாவி. குரல் இறங்கியிருந்தது.

"மாசம் மறக்கும். உள்ளங்கால் வெந்தது மறக்குமா?"

அப்போது படுதாவை விலக்கிக்கொண்டு தாவூது உள்ளே வந்தார். தலையெல்லாம் சாரல், முழங்கால்வரை சேறு, கையில் ஒரு எண்ணெய்த் தகரம்.

"நீங்க சொன்னபடியே அண்ணாச்சி! இவரு நேரா சிலம்பக் கொட்டகைக்குத்தான் ஓடுனாரு. எண்ணெய் காய்ச்சுத அடுப்புக்கு மேல பரண்ல இருந்து இதை இறக்கி, பின்னால பலா மரத்து மூட்டுல குழி தோண்டிப் புதைச்சுட்டு, சட்டையை மாத்திக்கிட்டு இங்கன வந்துட்டாரு. நான் தோண்டி எடுத்துட்டேன்!"

தகரத்துக்குள் ஒரு துணியில் சுற்றிய பிலிம் சுருள் இருந்தது. மசூது ஓடிவந்து வாங்கி, ஓரத்தைப் பிடித்து விளக்குக்கு நேரே தூக்கினான். "இதுதான்! கெடலை சார், கெடலை!" என்று அழுதுவிட்டான்.

எல்லோரும் அண்ணாவியைப் பார்த்தார்கள். அவர் வெட்கப்படுவார் என்று நம்பிராஜன் எதிர்பார்க்கவில்லை. குறைந்தபட்சம் பயப்படுவார் என்று நினைத்தார். அதுவும் இல்லை. குற்றாலிங்கம் அண்ணாவி மீசையைத் தடவிக்கொண்டார்.

"இப்ப என்ன கெட்டுப் போச்சு?" என்றார். "ஒரு பொம்பளை அங்கன இருந்து குதிச்சான்னு சொன்னா இந்த ஊரு நம்பியிருக்குமா? யாரோ ஆம்பளை குதிச்சிருக்கான்னு அவங்களாத்தான் பேசுனாவ. நீயான்னு என்கிட்ட கேட்டாவ. ஆமான்னேன். நான் சொல்லாட்டா வேற எவனாவது சொல்லியிருப்பான்."

கமிட்டிக்காரர்களில் இரண்டு பேர் தலையை ஆட்டினார்கள். அவர்களுக்கு அது நியாயமாகப் பட்டது. நம்பிராஜனுக்கு வாயில் கசந்தது. குப்பைத் தகரத்தில் கைவிட்டபோதுகூட இவ்வளவு அருவருப்பு வரவில்லை. ஒரு பெண் தன் இடுப்பெலும்பை விலையாக வைத்து வாங்கிய பெயரை ஒருவன் எடுத்து உடுத்திக்கொண்டான், ஊர் கைதட்டியது, அவள் நொண்டுவதற்கு வேறொரு கதை வேண்டியிருந்தது, அதையும் ஊரே கட்டிக்கொடுத்தது. இதில் திருடன் ஒருவன் மட்டும் என்று எப்படிச் சொல்வது?

"மசூது, ஒட்டிப் போடு" என்றார்.

விளக்கை அணைத்தார்கள். மிஷின் கடகடத்தது. திரையில் வெயில் விழுந்தது. இளம் லோகேஸ்வரி வெறுங்காலோடு பாறை மேல் ஏறி நின்றார். ஒருமுறை திரும்பிப் பார்த்தார். முகம் பளிச்சென்று தெரிந்தது. வாளைப் பல்லில் கவ்வினார். ஓடினார். குதித்தார். காமிரா அவரை விடாமல் கூடவே இறங்கியது. தண்ணீர் உடைந்து மேலே எழும்பியது. சிறிது நேரம் வெறும் தண்ணீர்தான். பிறகு தலை வெளியே வந்தது. வாள் பல்லிலேயே இருந்தது. கரையைப் பிடித்து ஏறும்போது வலது கால் ஏறியது, இடது கால் ஏறவில்லை. அதைக் கையால் தூக்கிப் பாறை மேல் வைத்தார். அப்போதும் அவர் முகம் ராணியின் முகமாகவே இருந்தது. வலியைக் காமிராவுக்குக் காட்டவில்லை.

தாவூது வாய்விட்டு அழுதார்.

விளக்கு வந்தது. அண்ணாவி உட்கார்ந்திருந்த நாற்காலி காலியாக இருந்தது. ரத்தினம் முதலாளி தொண்டையைச் செருமினார். பக்கத்தில் தட்டில் மடித்து வைத்திருந்த பொன்னாடையைக் கையில் எடுத்தார். அதில் படிந்த தன் விரலின் எண்ணெய்க் கறையை வேட்டியால் துடைக்கப் பார்த்தார். முகத்தில் சிரிப்பை வரவழைத்துக்கொண்டார்.

"நடந்தது நடந்து போச்சு. அம்மா, சாயந்திரம் மேடையில இதை உங்களுக்கே போத்திருதோம். ஊருக்கே பெருமை. நானே ரெண்டு வார்த்தை பேசுதேன்."

லோகேஸ்வரி எழுந்தார். இடது காலை இழுத்து இழுத்து மணலில் நடந்து அவர் அருகே வந்து நின்றார். பொன்னாடையை முகர்ந்து பார்ப்பதுபோல ஒரு கணம் குனிந்தார்.

"கொண்டுபோங்க முதலாளி. நாறுது" என்றார். "காலையில என்னைக் கழுதைன்னு சொன்னியளாமே. அந்த வாயால என்னைப் பத்தி மேடையில ஒரு வார்த்தை பேசக் கூடாது."

"அப்போ என்னதான் செய்யச் சொல்லுதிய?"

"படத்தை வெட்டாம ஓட்டச் சொல்லுங்க. மசூது மேல இருக்க பழியை எடுக்கச் சொல்லுங்க. அப்புறம் இங்கன இருக்க எல்லாரும் உக்காருங்க. ஒருத்தரும் போகப்படாது."

ரத்தினம் உட்கார்ந்தார். அய்யாத்துரையும் மற்றவர்களும் உட்கார்ந்தார்கள். லோகேஸ்வரி கேபின் பக்கம் திரும்பி, "தம்பி, இன்னொரு தடவை போடு" என்றார்.

மசூது ரீலைத் திருப்பிச் சுற்றினான். விளக்கு அணைந்தது. லோகேஸ்வரி திரைக்கு முதுகைக் காட்டி நின்றுகொண்டார். பின்னால் அவருடைய பாறையும் வெயிலும் மறுபடி வந்தன. அவர் ஒன்றையும் திரும்பிப் பார்க்கவில்லை. திரை வெளிச்சம் விழுந்த அந்த முகங்களை, ரத்தினத்தில் தொடங்கி, வரிசையாகப் பார்த்துக்கொண்டே வந்தார். முதல் வரிசையில் எல்லோரும் தலையைக் குனிந்தார்கள்.

"நிமிந்து பாருங்கய்யா" என்றார்.